காதில் விழாத கிதார்

அன்புள்ள ஐயா,

அமெரிக்க ஜாஸின் ஸ்விங் காலத்து இசை பற்றிய கட்டுரையில், பியானோ கலைஞர் கவுண்ட் பேஸி நடத்திய குழுவின் ஃப்ரெடி கிரீன்தான் உங்களுக்கு மிகவும் பிடித்த கிதார் கலைஞர் என்று எழுதியிருந்தீர்கள். மூன்று இசைத்தட்டுகளைக் கேட்டுப் பார்த்தேன். டிரம்பெட் கேட்கிறது, சாக்ஸபோன் கேட்கிறது, கிதாரை மட்டும் காணோம். ஒரு தனி வாசிப்புகூட இல்லை. என் காதில்தான் கோளாறா?

கா.

அன்புள்ள கா.,

கோளாறெல்லாம் இல்லை. எனக்கும் ரொம்ப நாள் கேட்கவில்லை.

கிரீன் 1937-இல் பேஸியிடம் சேர்ந்தார். 1987-இல் இறக்கும்வரை, நடுவில் ஒரு சின்ன இடைவெளி போக, அங்கேயேதான் இருந்தார். தனி வாசிப்பு என்று விரல்விட்டு எண்ணும் அளவுக்குத்தான். 1939-இல் பென்னி குட்மன் என்ற இன்னொரு ஜாஸ் கலைஞரின் குழுவுக்கு வந்த சார்லி கிறிஸ்டியன் மின்சாரக் கிதாரில் தனியாக வாசித்துப் பேர் வாங்கினார். அதற்குப் பிறகு கிதார்காரர்கள் பலரும் அந்தப் பக்கம் போனார்கள். கிரீன் போகவில்லை. பதினைந்து பேர் ஊதியும் அடித்தும் வாசிக்கிற கூட்டத்தின் நடுவில், ஒலிபெருக்கி இல்லாத மரக் கிதாரோடு உட்கார்ந்திருந்தார்.

அவர் வாசித்த விதத்தைக் கொஞ்சம் கிட்டப்போய்ப் பார்ப்போம். கிதாரை மடியில் ஏறக்குறைய மல்லாக்கச் சாய்த்து வைத்துக்கொள்வார். கம்பிகள் கட்டையிலிருந்து நன்றாக உயர்ந்து நிற்கும், அழுத்தவே பலம் வேண்டும். ஒரு தாளச் சுற்றுக்கு நான்கு தட்டு. ஒவ்வொரு தட்டும் விழுந்தவுடன் இடது கை பிடியைத் தளர்த்திவிடும். அதனால் ஒலி நீளாமல் 'ச்சக்' என்று நின்றுவிடும். பல சமயம் ஆறு கம்பியில் ஒன்றோ இரண்டோதான் ஸ்வரமாக ஒலிக்கும், மற்றவை வெறும் தட்டல். கீழ் ஸ்வரங்களுக்குப் பாஸ் என்கிற பெரிய கம்பி வாத்தியமும் மேலே பியானோவும் இருக்கும்போது அவ்வளவு போதும் என்று அவருக்குத் தெரிந்திருந்தது. இந்த அடக்கத்தைத்தான் நான் பெரிய கலை என்று நினைக்கிறேன்.

நீங்கள் தேடியது கிதார் ஒலியை, அதனால்தான் கிடைக்கவில்லை. அது டிரம்ஸோடும் பாஸோடும் கலந்து ஒரே ஒலியாகிவிடுகிறது. பேஸி குழு 1957-இல் பதிவு செய்த 'லில் டார்லின்' கேளுங்கள். இசையமைப்பாளர் நீல் ஹெஃப்டி இன்னும் வேகமாக வாசிக்க எழுதியதை பேஸிதான் அவ்வளவு மெதுவாக்கினார் என்பார்கள். மெதுவாக வாசிப்பதுதான் கஷ்டம். இடைவெளி பெரிதாக ஆக, கை முந்தப் பார்க்கும். காதில் இயர்போனை மாட்டிக்கொண்டு பாஸின் ஒவ்வொரு அடியையும் பின்தொடருங்கள். அதன் மேலேயே ஒட்டிக்கொண்டு ஒரு சின்ன உராய்வு வரும். அதுதான் கிரீன். ஒருமுறை பிடிபட்டுவிட்டால், அப்புறம் 1930-களின் பழைய பதிவுகளில்கூட அவரைக் கண்டுபிடித்துவிடுவீர்கள்.

அந்தச் சின்ன இடைவெளியைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். 1950-இல் பணமுடையால் பேஸி பெரிய குழுவைக் கலைத்துச் சிறு குழு ஆக்கினார். அதில் கிரீனுக்கு இடமில்லை. ஒரு நாள் இரவு அவர் யாரும் கூப்பிடாமலே கிதாரோடு வந்து தன் இடத்தில் உட்கார்ந்துகொண்டதாகச் சொல்வார்கள். அதற்கப்புறம் யாரும் அவரை எழுப்பவில்லை. 1984-இல் பேஸி இறந்த பிறகும் குழு நடந்தது, கிரீனும் அதே நாற்காலியில் இருந்தார்.

'லில் டார்லின்' கேட்டுவிட்டு மறுபடி எழுதுங்கள்.