கல்லுக்குள் சிலை ஏற்கெனவே இருக்கிறது, வேண்டாததை எடுத்தால் போதும் என்கிறார்களே. சிற்பிகள் அப்படித்தான் வேலை செய்கிறீர்களா?

ஏதோ மேடைப் பேச்சில் கேட்டுவிட்டுத்தான் கேட்கிறீர்கள் என்று நினைக்கிறேன். நான் பினாங்குக்காரன். மாமல்லபுரத்தில் சிற்பம் படித்துவிட்டு வந்து, இங்கே கோயில் வேலை செய்கிறேன். இந்த வசனம் காதில் விழுந்தாலே எனக்குச் சுருக்கென்று இருக்கும்.

எங்களுக்குச் சிலை முதலில் தியான சுலோகத்தில், அதாவது தெய்வத்தின் உருவத்தை வர்ணிக்கும் பாட்டில் இருக்கிறது, அப்புறம் கணக்கில். அம்மன் என்றால் மத்திம தசதாளம் என்கிற அளவு முறை: மொத்த உயரத்தை 120 பங்காக்கி, முகத்துக்கு இவ்வளவு, கழுத்துக்கு இவ்வளவு என்று காவிக் கோடு போட்ட பிறகே உளியைத் தொடுவோம். சிவனுக்கும் பெருமாளுக்கும் 124 பங்கு.

கல்லிடம் கேட்க வேண்டியது வேறு. இங்கே பிறை என்ற ஊர்ப் பக்கம் ஒரு கோயிலுக்கு அம்மன் சிலை செய்யத் தமிழ்நாட்டிலிருந்து கருங்கல் வந்து இறங்கியது. பார்வைக்கு அருமையான கல். சுத்தியால் தட்டிக்கொண்டே வந்தேன். எல்லா இடத்திலும் கணீரென்றது, இடது தோள் வரவேண்டிய இடத்தில் மட்டும் சத்தம் அமுங்கியது. தண்ணீர் ஊற்றிப் பார்த்தேன். சுற்றிலும் காய்ந்த பிறகும் அங்கே முடி கனத்தில் ஓர் ஈரக் கோடு நின்றது. உள்ளே விரிசல். வேண்டாம் என்றேன். குடமுழுக்குத் தேதி குறித்தாயிற்று, பூசி மறைத்துவிடுங்கள் என்றார் நிர்வாகத்தில் ஒருவர். நாளைக்குக் கை உடைந்து விழுந்தால் அந்த மூர்த்திக்கு யார் பூஜை செய்வது? தேதி தள்ளிப்போனது, பேச்சும் வாங்கினேன். அடுத்து வந்தது பெண் கல், அதாவது அம்மன் சிலைக்கு ஏற்றது என்று ஒலியை வைத்து நாங்கள் சொல்லும் கல், வெண்கலத் தாளம் தட்டியது போல ஒலி. மூக்குக்குத் தாராளமாகக் கல் விட்டுவைத்துத்தான் முகத்தை இறக்கினேன், கருங்கல் திரும்ப வளராதே. கண் திறப்பது எல்லாம் முடிந்த பிறகு.

மெஷின் பிடிக்கிறவன் மரபு பேசலாமா என்று சிலர் வருவார்கள். ஓரம் கழிக்கக் கட்டர் பிடிக்கிறேன், மறைக்கவில்லை. முகத்துக்கு உளிதான். பத்துமலை முருகன் 42.7 மீட்டர், அது கான்கிரீட், வேறு வேலை. அதை நான் குறை சொல்லவில்லை.

சொல்ல வந்ததற்கு வெளியே ஒன்று. கருங்கல் தூணுக்கும் சிலைக்கும் எனாமல் பெயின்ட் அடிக்கிறார்களே, அதைப் பார்த்தால் வயிறு எரிகிறது. நகையின் முத்து முத்தான வேலையெல்லாம் பெயின்டில் மூழ்கிவிடுகிறது. கோபுரத்துச் சுதைக்கு வண்ணம் வேண்டும், தாராளமாகத் தீட்டுங்கள். கருங்கல்லை விட்டுவிடுங்கள். ஏற்கெனவே அடித்தாயிற்று என்றால், மணல் பீய்ச்சி உரிக்க மட்டும் விடாதீர்கள், பெயின்டோடு உளி வேலையின் கூர்மையும் போய்விடும்.