வாசகர் கேள்வி–பதில்: ஹங்கேரி நடிகை மாரி தொரோச்சிக்

கேள்வி: கான் திரைப்பட விழாவில் பரிசு பெற்ற மாரி தொரோச்சிக் யார்? 'காதல்' என்ற படத்துக்குத்தான் பரிசு கிடைத்ததா?
– வாசகர், ஹட்டன்

அந்தப் படத்துக்கு அல்ல. 1976இல் சிறந்த நடிகை விருதை அவருக்குத் தந்தது, அவருடைய கணவர் ட்யூலா மார் இயக்கிய படம். 19ஆம் நூற்றாண்டின் புகழ்பெற்ற ஹங்கேரி மேடை நடிகை திருமதி தேரியாக அதில் நடித்தார். அந்த வருடம் விருது இருவருக்குப் பகிரப்பட்டது. மற்றவர் பிரான்ஸின் டொமினிக் சாந்தா. 'காதல்' படத்துக்கு 1971இல் கிடைத்தது நடுவர் பரிசு. அதில் நடித்த தொரோச்சிக்குக்கும் லிலி தர்வாஷுக்கும் சிறப்புக் குறிப்பும் இருந்தது. இரண்டையும் ஒன்றாக்கிவிடுவதால்தான் இந்தக் குழப்பம்.

பிறந்தது 1935 நவம்பர் 23, ஹெவேஷ் மாவட்டத்துக் கிராமம் ஒன்றில். புடாபெஸ்ட் நாடக, திரைப்படக் கல்லூரியில் மாணவியாக இருந்தபோதே ஸோல்தான் ஃபாப்ரியின் 'ராட்டினம்' படத்தில் நாயகி. அது 1956 கான் போட்டிக்குப் போனது. காணியோடு காணி சேரட்டும் என்று மகளைப் பிடிக்காதவனுக்குக் கட்டிவைக்கப் பார்க்கும் அப்பாவின் கதை. சொந்தக் காணி கேட்டே தலைமுறைகள் கழிந்த நம் தோட்டங்களில் இந்தப் படத்தை வேறு கண்ணோடு பார்ப்பார்கள். 1958இல் தேசிய நாடக அரங்கில் சேர்ந்தார். மறைந்தது 2021 ஏப்ரல் 16.

கேள்வி: ஒரே ஒரு படம்தான் பார்க்க நேரம் இருக்கிறது. எதைப் பார்ப்பது, எதைக் கவனிப்பது?
– வாசகி, தலவாக்கலை

காரோய் மாக் இயக்கிய 'காதல்', 1971. ஆங்கிலத்தில் 'லவ்' என்று மட்டும் தேடினால் வேறு படங்கள்தான் வந்து குவியும். இயக்குநர் பெயரையும் வருடத்தையும் சேர்த்துத் தேடுங்கள். ஹங்கேரியில் குடும்பப் பெயர் முன்னால் வரும்; 'தொரோச்சிக் மாரி' என்றிருந்தாலும் ஆள் ஒருவர்தான்.

கதை 1950களின் தொடக்கம். மகன் அரசியல் கைதி. படுக்கையில் கிடக்கும் தாய்க்கு அது தெரியாது. அவன் அமெரிக்காவில் படம் எடுக்கிறான் என்று மருமகள் லூட்சா பொய்க் கடிதம் எழுதி அனுப்புகிறாள். தாயாக லிலி தர்வாஷ், லூட்சாவாக தொரோச்சிக். மகனாக வரும் இவான் தர்வாஷ் 1956 ஹங்கேரி எழுச்சிக்குப் பின் நிஜமாகவே சிறையிருந்தவர். மூலக் கதைகளை எழுதிய திபோர் தேரியும் அப்படியே.

கவனிக்க வேண்டியது லூட்சா பேசும் இடங்களை அல்ல, கேட்கும் இடங்களை. தான் எழுதிய கடிதத்தைக் கிழவி ரசிக்க ரசிக்க, முதன்முறை கேட்பவள்போல் அவள் இருக்க வேண்டும். அதற்குள் கணவன் உயிரோடு இருக்கிறானா என்ற பயம், மாமியின் பிடிவாதத்தின் மேல் எரிச்சல், இவளுக்கு உண்மை தெரிந்திருக்குமோ என்ற சந்தேகம். அத்தனையும் முகத்தில் வரவேண்டும், கிழவி கண்ணில் மட்டும் படக்கூடாது. தொரோச்சிக் கண்ணீர் விட்டுக் காட்டுவதில்லை. பதில் சொல்வதை ஒரு நொடி தாமதிக்கிறார், அல்லது கொஞ்சம் வேகமாகச் சிரித்துவிடுகிறார். முதல் முறை கதைக்காகப் பாருங்கள். இரண்டாம் முறை சத்தத்தை நிறுத்திவிட்டு அந்தக் கடிதக் காட்சிகளை மட்டும் பாருங்கள்.

கேள்வி: நாங்கள் தெருவெளி நாடகம் போடுகிறவர்கள். எங்களுக்கு உதவும் படம்?
– நாடகக் குழு, மஸ்கெலியா

மிக்லோஷ் யான்ச்சோவின் 'எலெக்ட்ரா', 1974. சுமார் 70 நிமிடப் படம், மொத்தம் 12 ஷொட், அதாவது வெட்டாமல் ஒரே மூச்சில் எடுத்த காட்சித் துண்டுகள். சராசரியாக ஒன்று ஆறு நிமிடம் வருகிறது. 300 மீற்றர் பிலிம் சுருள் 11 நிமிடத்தில் தீர்ந்துவிடும், அதற்குள் முடிக்க வேண்டும். இடையில் ஒருவர் தடுமாறினாலும் தொடக்கத்திலிருந்துதான். வெட்டவெளியில் குதிரைகளும் ஆடுவோரும் சுற்றிக்கொண்டேயிருக்க, நடுவில் கிரேக்கப் புராண நாயகி எலெக்ட்ராவாக தொரோச்சிக் நடந்துகொண்டே பேசுகிறார். காமன் கூத்தில் பொட்டலைச் சுற்றி ஆடியவர்களுக்கு இந்த இட ஒழுங்கு உடனே பிடிபடும். அவர் எப்போது நிற்கிறார், நின்றதும் கூட்டம் எந்தப் பக்கம் திரும்புகிறது என்பதைத் தாளில் வரைந்து பாருங்கள். குரலும் உதடும் ஒட்டாத இடங்கள் வந்தால் பிரதியைக் குறை சொல்லாதீர்கள். படமாக்கும்போது இயக்குநர் கத்திக் கத்தி வழிநடத்துவார். குரல் பிறகு சேர்த்தது.

கேள்வி: எங்கள் வாசிகசாலையில் 'காதல்' படத்தைத் தமிழ் உபதலைப்போடு திரையிடப் போகிறோம். எழுத்துகள் கட்டம் கட்டமாக வருகின்றன, பேச்சோடும் பொருந்தவில்லை.
– வாசகர், பண்டாரவளை

இவை இரண்டு தனித்தனிக் கோளாறுகள். எழுத்துக்குக் காரணம் பெரும்பாலும் பாமினியில் தட்டச்சு செய்ததாக இருக்கும். அது எழுத்துருவை மட்டும் நம்பிய முறை. உபதலைப்புக் கோப்பில் எழுத்துரு போகாது. யுனிகோடுக்கு மாற்றி, சேமிக்கும்போது 'யூடிஎஃப்-8' தெரிவு செய்யுங்கள். படம் ஓட்டும் வீஎல்சி மென்பொருளின் அமைப்பிலும் அதையே வைத்து, எழுத்துருவாக நிர்மலா அல்லது லதா கொடுங்கள். கொம்பு இடம் மாறி விழுந்தால் உங்கள் வீஎல்சி பழையது, புதிய பதிப்பு போடுங்கள்.

பொருத்தத்துக்கு முதலில் படத்தின் தொடக்கத்தையும் முடிவையும் பாருங்கள். இரண்டிலும் ஒரே அளவு பிந்தினால் 'ஜி', 'எச்' விசைகள் போதும், ஒரு தட்டுக்கு 50 மில்லி செக்கன் நகரும். போகப்போக விலகல் கூடினால் அந்த விசைகளோடு மல்லுக்கட்டிப் பயனில்லை. பெரும்பாலும் கோப்பு நொடிக்கு 24 சட்டகக் (ஃபிரேம்) கணக்கில், படம் 25இல் ஓடுகிறது. 4 வீத வித்தியாசம். 85 நிமிடத்தில் மூன்று நிமிடத்தைத் தாண்டிவிடும். சப்டைட்டில் எடிட் மென்பொருளில் சட்டக வேகத்தை மாற்றிச் சேமியுங்கள்.

மொழிபெயர்ப்பில் ஒரு நேரத்தில் இரண்டு வரி, வரிக்கு 35 எழுத்துக்குள் வையுங்கள். கடிதங்கள் நீளமானவை, வாக்கியத்தை உடைத்துப் போடுங்கள். நடுவே மின்னி மறையும் பழைய நினைவுக் காட்சிகளின் மேல் எழுத்தை இழுக்க வேண்டாம். பார்ப்பவர் எழுத்தைப் படித்து முடிப்பதற்குள் படம் போய்விடும்.

இது கறுப்பு வெள்ளைப் படம், சாம்பல் நிறங்களில்தான் வேலை முழுவதும். ஜன்னல்களுக்குக் கறுப்புத் துணி கட்டாவிட்டால் முகம் வெளிறிவிடும். குளிரில் கொண்டுவந்த புரொஜெக்டரை ஆட்கள் நிறைந்த மண்டபத்தில் உடனே போட்டால் வில்லையில் ஆவி படியும். அரை மணி முன்னதாக உள்ளே வைத்துவிடுங்கள். பொதுத் திரையிடல் என்பதால் உரிமையாளரிடம் எழுத்தில் அனுமதி வாங்குவதும் அவசியம். புடாபெஸ்டிலுள்ள தேசிய திரைப்பட நிறுவகத்துக்கு முதலில் எழுதிக் கேளுங்கள்.

கேள்வி: ஆங்கிலப் படம் ஏதும் நடித்திருக்கிறாரா?
– வாசகி, நானுஓயா

கொஸ்டா கவ்ராஸின் 'மியூசிக் பொக்ஸ்', 1989. நாயகி ஜெசிக்கா லாங் புடாபெஸ்டில் சந்திக்கும் பெண்மணி இவர்தான். வருவது கொஞ்ச நேரம், ஆனால் கதையின் முடிச்சு அவர் கையில். இடையில் தேத்தண்ணி ஊற்ற எழுந்துவிடாதீர்கள்.