ஈட்டுக் கடன் கணக்கைக் கேட்டால் "வாடிக்கையாளர் இரகசியம்" என்கிறார்கள்

கேள்வி: நான் நிலாவெளியில் வசிக்கிறேன். என் உறுதிக் காணியை ஈடு வைத்து வீட்டுக் கடன் எடுக்க ஒரு அரச வங்கியில் விண்ணப்பித்தேன், தரவில்லை. எங்கள் பக்கத்தில் பலருக்கும் இதே கதைதான். திருகோணமலை மாவட்டத்தில் யார் யாருக்கு ஈட்டுக் கடன் கொடுத்தார்கள், யாருக்கு மறுத்தார்கள் என்று தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்கீழ் பெயர் விவரத்தோடு கேட்டேன். "வாடிக்கையாளர் இரகசியம், தர முடியாது" என்று எழுதிவிட்டார்கள். வங்கிகள் அரசாங்கத்துக்குக் கொடுக்கும் கணக்கைப் பொதுமக்கள் பார்க்க முடியாதா?

பதில்: பெயரைக் கேட்டதில்தான் நீங்கள் அவர்களுக்கு வழி விட்டுவிட்டீர்கள். தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் (2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கம்) 5ஆம் பிரிவு தனிநபர் தகவலைப் பாதுகாக்கிறது. பக்கத்து வீட்டுக்காரர் எவ்வளவு கடன் எடுத்தார் என்பதைப் பெரிய பொதுநலன் ஏதும் இல்லாமல் உங்களுக்குத் தரமாட்டார்கள். நானும் தரச் சொல்லமாட்டேன்.

ஆனால் முழுவதையும் மறுத்தது பிழை. அதே சட்டத்தின் 6ஆம் பிரிவின்படி, மறைக்க வேண்டிய பகுதியை நீக்கிவிட்டு மீதியைக் கொடுக்க வேண்டும். வங்கிச் சட்டத்தில் இரகசியம் காக்கும் ஏற்பாடு உண்டுதான். என்றாலும் வேறு சட்டத்தோடு முரண்பட்டால் தகவல் சட்டமே மேலோங்கும் என்று 4ஆம் பிரிவு சொல்கிறது. "வங்கி இரகசியம்" என்று எழுதினால் மட்டும் போதாது, 5ஆம் பிரிவில் எந்தக் காரணம் என்று காட்டியாக வேண்டும்.

அமெரிக்காவில் 1975இலேயே இதற்கென்று ஒரு சட்டம் கொண்டுவந்தார்கள். இப்போது அதன்படி, எந்தப் பகுதியில் யாருக்குக் கடன் கொடுத்தோம், யாரை மறுத்தோம் என்று கடன் கொடுப்பவர்கள் அறிக்கை கொடுக்க வேண்டும். அது பொதுமக்களுக்கும் வெளியாகும். பெயர் இருக்காது, வயது தொகுதியாகவும் கடன் தொகை கிட்டத்தட்டவுமே இருக்கும். நமக்கு அப்படித் தனிச் சட்டம் இல்லை. அந்தப் பாணியில் கேள்வியை அமைக்க யாரும் தடுக்கவில்லை.

ஆகவே புதிதாக ஒரு விண்ணப்பம் போடுங்கள். பிரதேச செயலாளர் பிரிவு வாரியாக, ஆண்டு வாரியாக, விண்ணப்பங்கள் எத்தனை, வழங்கியவை எத்தனை, மறுத்தவை எத்தனை என்று கேளுங்கள். கிராம சேவகர் பிரிவுக்கு இறங்க வேண்டாம். ஒரு கிராமத்தில் இரண்டே கடன் என்றால் யாருடையது என்று ஊருக்கே தெரிந்துவிடும், அதைச் சொல்லியே மறுப்பார்கள். "அப்படி ஓர் அட்டவணை எங்களிடம் இல்லை" என்பது அடுத்த சாட்டு. கையில் இருக்கும் தகவலைத்தான் சட்டம் தரச் சொல்கிறது என்பதால் அது எடுபடவும் கூடும். அதனால் கிளை தலைமையகத்துக்கு அனுப்பும் கடன் அறிக்கைகளின் பிரதிகளையும் சேர்த்துக் கேளுங்கள். ஏன் கேட்கிறீர்கள் என்று காரணம் எழுத வேண்டியதில்லை.

தனியார் வங்கிகளிடம் இப்படி நேரே கேட்க முடியாது. அரசுக்கு 25 சதவீதமோ அதற்கு மேலோ பங்குள்ள, அல்லது அரசின் கட்டுப்பாட்டில் உள்ள கம்பனிகள்தான் சட்டத்துக்குள் வரும். மற்றவற்றுக்கு இலங்கை மத்திய வங்கியிடம் போக வேண்டும். வங்கி வங்கியாகக் கேட்டால் வணிக இரகசியம் என்பார்கள், எல்லா வங்கிகளுக்கும் சேர்த்து மாவட்டத் தொகையைக் கேளுங்கள். காணிப் பதிவகத்தில் கட்டணம் செலுத்தி ஒரு காணியின் ஈட்டுப் பதிவைப் பார்க்கலாம். மறுக்கப்பட்ட கடன் அங்கே பதிவாகாதே!

இன்னொன்று, எனக்கு இதுதான் முக்கியமாகப் படுகிறது. உங்கள் சொந்தக் கடன் கோப்பை, குறிப்பாக மறுத்ததற்கான காரணத்தை, தனி விண்ணப்பமாகக் கேளுங்கள். உங்கள் அந்தரங்கத்தை உங்களிடமிருந்தே காக்கிறோம் என்று யாரும் சொல்ல முடியாது.

மறுப்புக் கடிதத்தின் திகதியை நீங்கள் எழுதவில்லை. 14 நாளுக்குள் அந்த வங்கியின் குறித்தளிக்கப்பட்ட அதிகாரிக்கு (இப்படியான மேன்முறையீடுகளைக் கேட்க நியமிக்கப்பட்டவர்) மேன்முறையீடு செய்ய வேண்டும். அவர் மூன்று வாரத்துக்குள் முடிவு சொல்ல வேண்டும். அதுவும் சரிவராவிட்டால் இரண்டு மாதத்துக்குள் கொழும்பிலுள்ள தகவல் அறியும் உரிமை ஆணைக்குழுவுக்கு எழுதலாம். 14 நாள் கடந்திருந்தால் கவலைப்படாதீர்கள், மேலே சொன்ன புதிய விண்ணப்பத்தைப் பதிவுத் தபாலில் அனுப்பிவிட்டு, துண்டைப் பத்திரமாக வைத்திருங்கள்.