ஹைட் பார்க்கில் 1,20,000 நட்சத்திரங்கள்

வாசகர் கேள்வி – பதில்

கே: சிட்னி ஹைட் பார்க்கில் உள்ள அன்சாக் போர் நினைவகத்துக்கு 1916-லேயே நிதி திரட்டினார்களாம். திறந்ததோ 1934-ல். 18 வருடம் ஏன் இழுத்தது?

ப: பணம் மட்டும் காரணமில்லை. முதல் உலகப் போரில் ஆஸ்திரேலிய, நியூசிலாந்துப் படைகள் (அவற்றின் சுருக்கப்பெயர்தான் அன்சாக்) துருக்கியின் கலிப்போலியில் கரையிறங்கி ஓராண்டு நிறைந்த 1916 ஏப்ரல் 25 அன்று நிதி திரட்டத் தொடங்கினார்கள். சுமார் 60,000 பவுண்டு சேர்ந்தது. இழுபறி அதற்குப் பிறகுதான். போரிலிருந்து திரும்பியவர்கள், தங்கள் சங்கங்களுக்கு அங்கே அலுவலகம் வேண்டும் என்றார்கள். அஞ்சலி செலுத்தும் இடத்தில் அலுவலகம் எதற்கு என்றது இன்னொரு தரப்பு. எங்கே கட்டுவது என்பதிலும் ஒத்துப்போகவில்லை. போதாக்குறைக்கு, சுரங்க ரயில் பாதைக்காக ஹைட் பார்க்கையே தோண்டிப் போட்டிருந்தார்கள். அந்தப் பாதையில் 1926-ல்தான் ரயில் ஓடியது. முடிவில் இரு தரப்புக்கும் இடம் கிடைத்தது: கீழே சங்க அலுவலகங்கள், மேலே நினைவு மண்டபம்.

வடிவமைப்புப் போட்டிக்கு வந்தவை 117. வென்றவர் கட்டடக் கலைஞர் புரூஸ் டெல்லிட். 1932 ஜூலை 19 அன்று இரண்டு அடிக்கல் நாட்டினார்கள். ஒன்றில் ‘ஒரு படைவீரர் இந்தக் கல்லை வைத்தார்’ என்றும், மற்றதில் ‘ஒரு குடிமகன் இந்தக் கல்லை வைத்தார்’ என்றும் பொறித்திருக்கும். வைத்தவர்கள் மாநில ஆளுநரும் முதல்வரும். கல்லில் பதவியும் இல்லை, பெயரும் இல்லை. அந்த அடக்கம் கட்டடம் முழுக்கத் தெரியும்.

கே: குவிமாடத்தில் உள்ள நட்சத்திரங்கள் உயிரிழந்தவர்களின் கணக்கா?

ப: பலரும் அப்படித்தான் எண்ணுகிறார்கள், தவறு. நியூ சவுத் வேல்ஸ் மாநிலத்திலிருந்து முதல் உலகப் போருக்குப் போன ஒவ்வொருவருக்கும் ஒன்றாக 1,20,000 பொன்னிற நட்சத்திரங்கள். உயிரோடு திரும்பியவர்களும் அதில் அடக்கம். போனவர்கள் எல்லோரும் தாமாக முன்வந்தவர்கள். ஆட்களைக் கட்டாயப்படுத்தி வெளிநாட்டுப் போருக்கு அனுப்பலாமா என்று 1916-லும் 1917-லும் வாக்கெடுப்பு நடத்தினார்கள். இரண்டு முறையும் மக்கள் மறுத்துவிட்டார்கள். நிதிக்காக ஒரு நட்சத்திரம் 2 ஷில்லிங் என்று விற்றதும் உண்டு.

கே: முதல் முறை போகிறேன். எங்கிருந்து பார்க்கத் தொடங்கலாம்?

ப: மியூசியம் ரயில் நிலையத்தில் இறங்கினால் பக்கம். அனுமதி இலவசம். நேரே கீழ்த்தளத்துக்குப் போய்விடாதீர்கள். வடக்கே நீண்ட தடாகம் இருக்கிறது. அங்கிருந்து நடந்து படியேறி மேல் மண்டபத்துக்குப் போங்கள். தரையின் நடுவில் வட்டமான பெரிய திறப்பு, சுற்றிலும் கைப்பிடிச்சுவர். கீழே இருப்பதைப் பார்க்க வேண்டுமானால் தலை குனிந்துதான் ஆக வேண்டும். டெல்லிட் நினைத்ததும் அதைத்தான்.

கீழே இருப்பது சிற்பி ரெய்னர் ஹாஃப் வடித்த ‘தியாகம்’ என்ற வெண்கலச் சிலை. கேடயத்தின் மேல் மல்லாந்து கிடக்கும் இளைஞனின் உயிரற்ற உடல், ஆடையில்லை, இரு கைகளும் வாளின் மேல் விரிந்து கிடக்கின்றன. ‘கேடயத்தோடு வா, இல்லையேல் கேடயத்தின் மேல் வா’ என்று, அதாவது வென்று வா, இல்லையேல் பிணமாக வா என்று, மகனைப் போருக்கு அனுப்பிய பண்டைக் கிரேக்க ஸ்பார்ட்டாத் தாயின் கதை இதற்கு அடிப்படை. மேலிருந்து பார்க்கையில் கண்ணில் நிறைவது அவன்தான். அப்புறம் கீழே இறங்கிச் சிலையைச் சுற்றி வாருங்கள். தாய், சகோதரி, குழந்தையோடு மனைவி என்று மூன்று பெண்கள் அந்தக் கேடயத்தைத் தாங்கி நிற்பது அப்போதுதான் புரியும். அங்கே நின்று அண்ணாந்து பார்த்தால் திறப்பின் வழியே நட்சத்திரங்கள் தெரியும். படியேறாமல் நேரே கீழே போகிறவர்களுக்கு இந்த வரிசை குலைந்துவிடுகிறது.

கே: சில சிலைகளை வைக்க விடவில்லை என்பது உண்மையா?

ப: உண்மை. கிழக்கு, மேற்கு ஜன்னல்களுக்கு வெளியே இரண்டு பெரிய சிற்பத் தொகுதிகளை ஹாஃப் திட்டமிட்டிருந்தார். ஒன்றில், நாகரிகத்தை ஆடையற்ற பெண்ணாகச் சிலுவையில் அறைந்து, அடியில் மாண்ட வீரர்களைக் குவித்திருந்தார். கத்தோலிக்கத் திருச்சபை கடுமையாக எதிர்த்தது. கையில் பணமும் இல்லை. இரண்டுமே வரவில்லை. போரின் கொடூரத்தை அவ்வளவு நேராகச் சொல்லும் சிற்பம் அந்தக் கட்டடத்துக்குத் தேவைப்பட்டது என்பதே என் கருத்து.

தெற்கே வர வேண்டிய நீர்நிலையும் பணமில்லாமல் நின்றுபோனது. 84 ஆண்டுகள் கழித்து, 2018-ல்தான் அந்தப் பக்கம் அருவி போல நீர் வழியும் அமைப்பும், நிலத்தடியில் புதிய மண்டபமும் வந்தன. அந்த மண்டபச் சுவர்களில் 1,701 ஊர்களின் மண்ணை ஊர்ப்பெயரோடு பதித்திருக்கிறார்கள். முதல் உலகப் போருக்குப் பெயர் கொடுத்தவர்கள் ‘என் ஊர்’ என்று எழுதிக் கொடுத்த ஊர்கள் அவை.