இலவச இணையக் கோப்பை நம்பலாமா?

கேள்வி: பர்கூர் மலையில் எங்கள் ஊருக்குச் சிக்னல் சரிவரக் கிடைப்பதில்லை. டெலிகிராமில் வரும் 'கான்ஃபிக்' (இணைப்பு அமைப்புகள் அடங்கிய) கோப்பைச் செயலியில் ஏற்றினால், செயற்கைக்கோள் வழி வரும் ஸ்டார்லிங்க் இணையம் இலவசமாகக் கிடைக்கும் என்கிறார்களே, உண்மையா?
– வாசகர், அந்தியூர் வட்டம்

பதில்: நம்ப வேண்டாம். ஸ்டார்லிங்க் வீட்டு இணையத்துக்கு வானம் நோக்கிய தட்டு ஆன்டெனாவும் பதிவான கணக்கும் வேண்டும். அந்தக் கோப்போ, ஏற்கெனவே உள்ள இணைப்பை முகம் தெரியாத ஒருவரின் சர்வர் வழியாகத் திருப்பிவிடுகிறதே தவிர, சிக்னல் இல்லாத இடத்தில் எதையும் தருவதில்லை. பெரும்பாலும் பூட்டியே அனுப்புவதால் உள்ளே இருப்பதைப் பார்க்கவும் முடியாது. கூடவே ஒரு டிஜிட்டல் சான்றிதழையும் (இணையதளம் உண்மையானதா என்று போன் சரிபார்க்க உதவும் சிறு கோப்பு) நிறுவச் சொன்னால் உடனே விலகுங்கள். அதை ஏற்றால், மஞ்சள் விற்ற பணம் கிடக்கும் வங்கிக் கணக்குக்காகப் பிரவுசரில் தட்டச்சிடும் கடவுச்சொல்லைக்கூட அந்தச் சர்வரை நடத்துபவர் படிக்க வழியுண்டு. ஏற்கெனவே ஏற்றியிருந்தால் கோப்பு, செயலி, சான்றிதழ் அனைத்தையும் நீக்கி, வேறொரு போனிலிருந்து கடவுச்சொற்களை மாற்றுங்கள். பணம் போயிருந்தால் தாமதமின்றி 1930 என்ற சைபர் குற்ற உதவி எண்ணை அழையுங்கள்.