ரோபோடெக்கும் மேக்ராஸும் ஏன் ஒத்துப்போகவில்லை?

கேள்வி: அமெரிக்கக் கார்ட்டூன் தொடரான ரோபோடெக்கின் 85 எபிசோடுகளையும் பார்த்து முடித்தேன். ஜப்பானிய மூலமான மேக்ராஸைத் தொடங்கினால் படம் அதேதான், கதை வேறு மாதிரி போகிறது. மூலத் தொடர்களை எந்த வரிசையில் பார்ப்பது?

பதில்: ஒன்றுக்கொன்று சம்பந்தமே இல்லாத மூன்று ஜப்பானியத் தொடர்களை ஒட்டுப்போட்டுச் செய்ததுதான் ரோபோடெக். 1985-ல் அமெரிக்க உள்ளூர்த் தொலைக்காட்சி நிலையங்கள் திங்கள் முதல் வெள்ளி வரை தினமும் கார்ட்டூன் போட்டன. 13 வாரத்துக்கு 65 எபிசோடு இருந்தால்தான் வாங்குவார்கள். மேக்ராஸில் இருந்ததோ 36. அதனால் ஹார்மனி கோல்ட் நிறுவனத்துக்காகத் தயாரிப்பாளர் கார்ல் மேசெக், சதர்ன் கிராஸின் 23-ஐயும் மோஸ்பீடாவின் 25-ஐயும் சேர்த்தார். கூட்டினால் 84தான் வரும். மிச்சம் ஒன்று, இருந்த காட்சிகளையே வெட்டி ஒட்டி, இணைப்புக்காகச் செய்த 37-ஆம் எபிசோடு.

உங்களைக் குழப்புவது பெரும்பாலும் புரோட்டோகல்ச்சராகத்தான் இருக்கும். மேக்ராஸில் அது ஒரு பழங்கால நாகரிகம். ரோபோடெக்கில் அதையே எல்லோரும் அடித்துக்கொள்ளும் எரிசக்தியாக்கி, மூன்று கதைகளையும் அதில் கோத்துவிட்டார்கள். ரோபோடெக்கின் நடுப்பகுதி நாயகி டானா, மேக்ராஸின் விமானிகளான மேக்ஸ்-மிரியா தம்பதியின் மகள் என்பதும் அமெரிக்கச் சேர்க்கை. சதர்ன் கிராஸில் அவளுக்குப் பெயரே வேறு. கதை நடப்பதும் பூமியில் அல்ல, குளோரி என்ற குடியேற்றக் கோளில்.

இத்தனை மாற்றியும் அமெரிக்க ரசிகர்கள் அதைக் கைவிடவில்லை. இதற்குமுன் 1978-ல் காட்சமான் என்ற ஜப்பானியத் தொடரை அங்கே கொண்டுபோனவர்கள் வன்முறையை வெட்டி, அந்த இடத்தை நிரப்ப ஒரு ரோபோவைப் புதிதாக வரைந்து நுழைத்தார்கள். ரோபோடெக் சாவை மறைக்கவில்லை. 18-ஆம் எபிசோடில் காயத்தோடு வரும் போர் விமானி ராய் கிட்டாரைப் பிடித்தபடி சரிகிறான். அவன் காதலி கிளாடியா சமையலறையில் அன்னாசி சாலட் செய்துகொண்டிருக்கிறாள். மறுநாள் எபிசோடில் அவன் திரும்பி வரவில்லை. நேற்று நடந்தது இன்றும் கணக்கில் இருக்கும் கார்ட்டூன், அதைப் பார்த்த அமெரிக்கப் பிள்ளைகளில் பலருக்குப் புதிது. ஜப்பானியத் தொடர்களைத் தேடிப் போனவர்கள் பலர் இங்கிருந்து கிளம்பியவர்களே.

வரிசைக்கு வருவோம். மேக்ராஸை ஜப்பானியக் குரலில், சப்டைட்டிலோடு பாருங்கள். ரோபோடெக்கில் பாடகி மின்மேயின் பாட்டுகளையும் பின்னணி இசையையும் மாற்றிவிட்டார்கள். பாட்டே ஆயுதமாகிற கதையில் அது பெரிய இழப்பு. ஆங்கிலத்தில்தான் வேண்டுமென்றால் 2006-ல் வந்த டப்பிங்கைத் தேடுங்கள்; மின்மேக்கு மூலக் குரல் தந்த மாரி இஜிமாவே அதிலும் பேசியிருக்கிறார். 27-ஆம் எபிசோடின் பெரும்போரோடு கதை உச்சம் தொட்டுவிடும். 28-லிருந்து போருக்குப் பிந்தைய வாழ்க்கை. அங்கே வேகம் குறையும், விட்டுவிடாதீர்கள்.

அடுத்து மோஸ்பீடா. ஜப்பானில் அது 1983-லேயே தொடங்கியது. ரோபோடெக்கில் நடுவில் வரும் சதர்ன் கிராஸ்தான் 1984-ல், கடைசியாக வந்தது. அதுவும் திட்டமிட்டதைவிடச் சீக்கிரமே நிறுத்தப்பட்ட தொடர் என்பதால் முடிவு அவசரமாக இருக்கும், கடைசிக்கு வைத்துக்கொள்ளலாம். மூன்றுக்கும் இடையில் தொடர்பு தேடாதீர்கள்.

1984 மேக்ராஸ் திரைப்படம் அதே கதையை மாற்றிச் சொல்வது. 36-ஐயும் முடித்த பிறகே அதைத் தொடுங்கள்.