ஸ்கேனர் காட்டும் கோடும் உண்மையான கோளாறும்: கேள்வி பதில்

கேள்வி: ஸ்கேனரை மாட்டினால் பி0302 என்ற பிழைக் கோடு (code) வருகிறது. இரண்டாவது சிலிண்டருக்குத் தீப்பொறி மின்சாரம் தரும் இக்னிஷன் காயிலை வாங்கிவிடலாமா அண்ணா?

பதில்: அவசரப்படாதீர்கள். அந்த சிலிண்டரில் மிஸ்ஃபயர் ஆகிறது, அதாவது பெட்ரோல் சரியாக எரியவில்லை என்பதைத் தவிர அந்தக் கோடு வேறெதையும் சொல்லவில்லை. முதலில் ஃப்ரீஸ் ஃபிரேமை, அதாவது கோளாறு வந்த நேரத்து அளவுகளின் பதிவைக் குறித்துக்கொள்ளுங்கள், ஏனென்றால் கோடுகளை அழித்தால் அதுவும் போய்விடும். சிலிண்டருக்கு ஒரு காயில் உள்ள வண்டியென்றால், இன்ஜினை அணைத்துவிட்டு இரண்டாவதையும் மூன்றாவதையும் இடம் மாற்றிப் போட்டு, அழித்து, ஓட்டிப் பாருங்கள். பி0303 வந்தால் காயில்தான். மாறவே இல்லையென்றால் பிளக்கையும் அதே மாதிரி மாற்றிப் பார்க்கணும், அப்புறம்தான் இன்ஜெக்டர், ஒயரிங், கம்ப்ரஷன் எல்லாம். பிளக்கைக் கழற்றும்போது அதன் வெள்ளைப் பீங்கானை வெளிச்சத்தில் திருப்பிப் பாருங்கள். பென்சிலால் கிழித்தது போல மேலிருந்து கீழாகக் கறுப்புத் தடம் இருந்தால், தீப்பொறி முனைக்குப் போகாமல் அந்த வழியாக இறங்கியிருக்கிறது. பிளக்கோடு காயிலின் ரப்பர் உறையையும் (boot) மாற்றுங்கள். செக் இன்ஜின் விளக்கு விட்டுவிட்டு மின்னினால் மட்டும் வண்டியை ஓட்டவே ஓட்டாதீர்கள், எரியாத பெட்ரோல் கேட்டலிட்டிக் கன்வெர்ட்டருக்குள் போய் அதைக் கெடுத்துவிடும்.

கேள்வி: ஏபிஎஸ், ஸ்டீயரிங், இன்ஜின் என்று ஒரே நாளில் ஏகப்பட்ட கோடுகள். ஈசியு (இன்ஜின் கம்ப்யூட்டர்) போய்விட்டதா?

பதில்: அநேகமாக இல்லை. பேட்டரியைப் பாருங்கள். சும்மா நிற்கும்போது 12.6 வோல்ட் இருக்கணும், செல்ஃப் அடிக்கும்போது 9.6-க்குக் கீழே இறங்கக்கூடாது. மின்னழுத்தம் விழுந்தால் எல்லா மாட்யூலும் (வண்டியின் சிறு கம்ப்யூட்டர்கள்) ஒன்றையொன்று குறை சொல்லும். மல்டிமீட்டரின் ஒரு முனையை இன்ஜின் பாடியிலும் இன்னொன்றைப் பேட்டரி நெகட்டிவிலும் வைத்து செல்ஃப் அடிக்கச் சொல்லுங்கள். அரை வோல்ட்டுக்கு மேல் காட்டினால் எர்த் ஒயரைக் கழற்றித் தேய்த்து முறுக்குவதுதான் முதல் வேலை.

கேள்வி: செல்ஃப் அடிக்கிறது, ஸ்டார்ட் ஆகவில்லை, கோடும் இல்லை.

பதில்: ஸ்கேனரின் லைவ் டேட்டாவில் ஆர்பிஎம்மைத் திறந்து வைத்துக்கொண்டு செல்ஃப் அடியுங்கள். இன்ஜின் சுற்றியும் முள் பூஜ்யத்திலேயே நின்றால் இன்ஜின் சுற்றுவதை அறியும் கிராங்க் சென்சாரையோ அதன் ஒயரையோ சோதிக்கணும். சூடானதும் அணைந்து, ஆறியதும் கிளம்பும் வண்டியில் என் சந்தேகம் முதலில் அதன் மேல்தான் போகும்.

கேள்வி: ஸ்கேனர் இணையவே இல்லை சார்.

பதில்: ஸ்கேனரை மாட்டும் ஓபிடி சாக்கெட்டின் 16-வது பின்னில் பேட்டரி மின்சாரம் வருகிறதா, 4, 5-இல் எர்த் இருக்கிறதா என்று பாருங்கள். 16-இல் மின்சாரம் இல்லையென்றால் பியூஸைப் பாருங்கள். இரண்டும் சரி, வண்டி கேன் வகை (மாட்யூல்கள் இரண்டு ஒயரில் பேசிக்கொள்ளும் முறை) என்றால், பேட்டரி ஒயரைக் கழற்றிவிட்டு 6-க்கும் 14-க்கும் இடையே ஓம்ஸ் அளந்து பாருங்கள். 60 வரணும். 120 வந்தால் எங்கோ லைன் அறுந்திருக்கலாம்.